அப்பாவுக்குக் கொடுத்த குடல் சுத்தப் பவுடர்: "ரேடியேட்டர்ல ஊத்துறதை நான் குடிக்கணுமா?"

வைகைக்கரை:

வணக்கம். அப்பாவுக்கு வயது 67. கொலனோஸ்கோபி (பெருங்குடலுக்குள் கேமரா விட்டுப் பார்க்கிற டெஸ்ட்) எடுக்கச் சொல்லியிருக்கிறார்கள், நாளை மறுநாள் காலை 11 மணிக்கு. அதற்கு முன்னால் குடித்து வயிற்றைக் காலி செய்ய ஒரு பவுடர் பாக்கெட் எழுதிக் கொடுத்தார்கள். 137 கிராம் சொச்சம், மொத்தத்தையும் 2 லிட்டர் தண்ணீரில் கரைத்துக் குடிக்க வேண்டும். வாங்கி வந்து மேசையில் வைத்தது என் தப்பு. அப்பா கண்ணாடியை மாட்டிக்கொண்டு பின்பக்கத்தைப் படித்துவிட்டார்.

அவர் 34 வருடம் பஸ் மெக்கானிக். பாக்கெட்டில் 118 கிராம் பாலிஎத்திலீன் கிளைக்கால், மிச்சம் சோடியம் சல்பேட், சமையல் சோடா, உப்பு, பொட்டாசியம் குளோரைடு என்று இருக்கிறது. "பாலிஎத்திலீன்னா கேரிபேக். கிளைக்கால்னா கூலன்ட். ரேடியேட்டர்ல ஊத்துறதை என் வயித்துல ஊத்தச் சொல்றியா?" என்று ஆரம்பித்தவர் இன்னும் நிறுத்தவில்லை. போன வருடம் இருமல் மருந்து குடித்துக் குழந்தைகள் இறந்த செய்தியை வேறு எடுத்துவிட்டார், அதிலும் ஏதோ கிளைக்கால்தானே என்கிறார். எனக்குப் பதில் தெரியவில்லை, நான் பி.காம்.

அப்புறம் நேற்று இதே பெயரை மனைவியின் கண் சொட்டு மருந்திலும் பார்த்தேன், டூத்பேஸ்ட் டியூபில் பெக்-8 என்று பார்த்தேன். எல்லாம் ஒரே சரக்கா? இது பிளாஸ்டிக்கா, கூலன்ட்டா, இரண்டும் இல்லையா? விவரம் தெரிந்தவர்கள் கொஞ்சம் விளக்கமாகவே சொல்லுங்கள், அப்படியே அவரிடம் படித்துக் காட்டப் போகிறேன்.

குடுவை:

மருந்துப் பாக்கெட்டின் பின்பக்கத்தைப் படிக்கிற ஆளே குறைவு, அதனால் அப்பா மேல் எனக்கு மரியாதை. அவர் கேட்டதில் தப்பும் இல்லை. பெயர் வைத்தவர்கள் செய்த குழப்பம் இது.

நான் 14 வருடம் எத்தாக்சிலேஷன் பிளான்டில் வேலை பார்த்தவன். இந்தச் சரக்கை டன் கணக்கில் சமைத்திருக்கிறோம். அப்பா மெக்கானிக் என்பதால் அந்தப் பக்கத்திலிருந்தே வருகிறேன்.

கூலன்ட்டில் இருப்பது எத்திலீன் கிளைக்கால். இரண்டு கார்பன், இரண்டு முனையிலும் ஒவ்வொரு ஓ.எச்., மூலக்கூறு எடை 62, அவ்வளவு பொடிசு. உள்ளே போனால் குடல் அதை அப்படியே உறிஞ்சிவிடும். கல்லீரல் அதைச் சாராயம் என்று நினைத்துக்கொண்டு, சாராயத்தை உடைக்கிற அதே நொதியால் உடைக்கும். அதிலிருந்து கிளைக்காலிக் அமிலம் வரும், கடைசியில் ஆக்சாலிக் அமிலம் வரும், அது உடம்பில் இருக்கும் கால்சியத்தைப் பிடித்துக்கொண்டு சிறுநீரகத்தில் படிகமாக உட்கார்ந்துவிடும். விஷம் என்பது இந்தக் கதைதான். இருமல் மருந்துச் செய்தியில் வந்தது டைஎத்திலீன் கிளைக்கால், அந்தப் பொடிசில் இரண்டு சேர்ந்தது, எடை 106. அதுவும் உறிஞ்சப்படும், அதுவும் சிறுநீரகத்தைத் தின்னும்.

பாக்கெட்டில் இருக்கும் பாலிஎத்திலீன் கிளைக்கால், சுருக்கமாக பெக் (PEG), அதே துண்டு வரிசையாகக் கோத்த நீளச் சங்கிலி. இரண்டு கார்பன், ஓர் ஆக்சிஜன், மறுபடி இரண்டு கார்பன், ஓர் ஆக்சிஜன், இப்படியே போகும். ஒரு துண்டின் எடை 44. குடல் சுத்தத்துக்கு வழக்கமாக வருவது 3350 அல்லது 4000 ரகம். 3350 என்பது சராசரி மூலக்கூறு எடை, அதாவது ஒரு சங்கிலியில் கிட்டத்தட்ட 76 துண்டு. இவ்வளவு நீளமானதைக் குடல் சுவர் உள்ளே விடுவதே அரிது. கல்லீரலுக்கே போகாததைக் கல்லீரல் எப்படி உடைக்கும்? வயிற்று அமிலமோ ஜீரண நொதியோ இந்தச் சங்கிலியைத் துண்டாக்கிக் கூலன்ட்டாக மாற்றுவதும் கிடையாது. வாயில் போனது அப்படியே பின்வாசல் வழியாக வந்துவிடும்.

கேரிபேக் விஷயத்துக்கு வருகிறேன். கேரிபேக் பாலிஎத்திலீனில் ஆக்சிஜனே இல்லை, வெறும் கார்பனும் ஹைட்ரஜனும். அதனால்தான் மழையில் ஒரு வருடம் கிடந்தாலும் கரையாது. இதில் இரண்டு கார்பனுக்கு ஒரு தடவை ஆக்சிஜன் வருகிறது, ஒவ்வோர் ஆக்சிஜனும் தண்ணீரைக் கையைப் பிடித்து வைத்துக்கொள்ளும். பாலிமரா என்று கேட்டால் பாலிமர்தான், ஆனால் சர்க்கரை மாதிரித் தண்ணீரில் கரைகிற பாலிமர். கார்பன் எண்ணிக்கையை ஒன்று குறைத்துப் பாருங்கள், ஒரு கார்பன் ஓர் ஆக்சிஜன் என்று சங்கிலி செய்தால் வருவது அசிட்டால் பிளாஸ்டிக். வண்டிக் கண்ணாடி ஏற்றி இறக்குகிற இடத்தில் வெள்ளையாக ஒரு பல்சக்கரம் இருக்குமே, பெரும்பாலும் அதுதான், தண்ணீரில் துளி கரையாது. இதையே இன்னொரு பக்கமாக, துண்டுக்கு ஒரு கார்பன் கூட்டிப் பக்கத்தில் தொங்கவிட்டால் பாலிபுரொப்பிலீன் கிளைக்கால். அதுவும் சங்கிலி கொஞ்சம் நீண்டுவிட்டால் தண்ணீரில் கரைய மாட்டேன் என்னும். நடுவில் இருக்கிற இது மட்டும் எவ்வளவு நீளமானாலும் கரைகிறது. ஆக்சிஜன்களுக்கு நடுவே இருக்கிற இடைவெளி தண்ணீர் தனக்குத்தானே கை கோத்து நிற்கிற இடைவெளியோடு பொருந்திப்போகிறது என்பது விளக்கம். பிளான்டில் இதை யாரும் எனக்குச் சொல்லித் தரவில்லை, பிறகு படித்தபோது ஒரு நாள் முழுக்க இதையே யோசித்துக்கொண்டிருந்தேன்.

தயாரிப்பு பற்றியும் மறைக்காமல் சொல்லிவிடுகிறேன். மூலப்பொருள் எத்திலீன் ஆக்சைடு. 10.7 டிகிரியிலேயே கொதித்து வாயுவாகிவிடும், தீப்பிடிக்கும், வெடிக்கும், புற்றுநோய் உண்டாக்கும். ஆஸ்பத்திரிகளில் ஊசி, டியூப் எல்லாம் கிருமி நீக்க ஈ.டி.ஓ. என்று வைத்திருப்பதும் இதே வாயுதான். ரியாக்டரில் நைட்ரஜன் நிரப்பி, கொஞ்சம் கிளைக்காலும் காரமும் போட்டு, ஆக்சைடைச் சொட்டுச் சொட்டாக உள்ளே விடுவோம். ஒவ்வொரு மூலக்கூறாக வளையம் உடைந்து சங்கிலியில் வந்து ஒட்டும், ஒட்டும்போது பயங்கரமாகச் சூடு வரும். கூலிங் தண்ணீர் நின்றால் எல்லாரும் ஓட வேண்டியதுதான். பேட்ச் முடிந்ததும் சாம்பிள் எடுத்து ஹைட்ராக்சில் எண், அதாவது முனைகளில் இருக்கும் ஓ.எச். எவ்வளவு என்று, பார்ப்போம். 400 ரகம் என்றால் 280 பக்கம் வரும், 4000 என்றால் 28. சங்கிலி நீள நீள முனைகள் குறைகின்றன, அதை வைத்துத்தான் நீளத்தைக் கண்டுபிடிப்பது. 400 ரகம் விளக்கெண்ணெயைவிடத் தண்ணியாக, நிறமில்லாமல் இருக்கும். 1000 பக்கம் வந்தால் மெழுகு. 4000 ரகத்தை உருக்கிக் குளிர்ந்த உருளை மேல் ஊற்றிச் சுரண்டினால் வெள்ளைச் செதில், கையில் தேய்த்தால் மெழுகுவத்தி மாதிரி வழுக்கும், ஆனால் குழாயடியில் நீட்டினால் போய்விடும்.

மிச்சமாகும் ஆக்சைடு, பக்க விளைவாக வரும் டையாக்சேன், பொடிசு கிளைக்கால்கள், இவற்றை எல்லாம் மருந்துத் தரத்தில் சோதித்துத்தான் விட வேண்டும். அமெரிக்க மருந்துத் தர நூல் பெக்கில் எத்திலீன், டைஎத்திலீன் இரண்டும் சேர்ந்து 0.25 சதவீதத்துக்கு மேல் இருக்கக் கூடாது என்கிறது. (பெக் என்றதும் உங்களுக்கு வேறு ஏதாவது ஞாபகம் வந்தால் நான் பொறுப்பில்லை, எங்கள் பிளான்டிலும் அந்த ஜோக் தினமும் ஓடும்.)

இருமல் மருந்தில் நடந்தது வேறு. சிரப்பில் மருந்தைக் கரைக்க புரொப்பிலீன் கிளைக்கால், கிளிசரின் மாதிரி ஒன்று வேண்டும். அந்த இடத்தில் சோதிக்காத, தொழிற்சாலைத் தர விஷம் நுழைந்துவிடுகிறது. பார்வைக்கும் ருசிக்கும் வித்தியாசம் தெரியாது, இரண்டும் கெட்டியாக, இனிப்பாக இருக்கும். 1937-ல் அமெரிக்காவில் சல்பானிலமைடு மருந்தை டைஎத்திலீன் கிளைக்காலிலேயே கரைத்து விற்று நூறு பேருக்கு மேல் செத்தார்கள், அதன் பிறகுதான் 1938-ல் அங்கே மருந்துச் சட்டம் இறுகியது. 2025-ல் மத்தியப் பிரதேசம் சிந்த்வாரா குழந்தைகள் குடித்த சிரப் நம் காஞ்சிபுரம் மாவட்டத்தில் செய்தது, பரிசோதனையில் 48.6 சதவீதம் டைஎத்திலீன் கிளைக்கால். பாதி பாட்டில் விஷம். அப்பா பயப்படுவது நியாயம்தான், ஆனால் அவர் பயப்பட வேண்டிய ஆள் இந்தச் சங்கிலி இல்லை.

கடைசியாக, அப்பாவிடம் பிரேக் ஆயிலை ஏன் இரண்டு வருடத்துக்கு ஒரு தடவை மாற்றச் சொல்கிறார்கள் என்று கேளுங்கள். அவருக்கே தெரியும், காற்றிலிருந்து ஈரத்தை இழுத்துக்கொள்ளும். டாட் 3 ரக பிரேக் ஆயில் என்றால் புதிதாக இருக்கும்போது குறைந்தது 205 டிகிரி வரை கொதிக்கக் கூடாது, ஈரம் இழுத்த பிறகு அது 140 வரை இறங்கலாம். அந்த ஆயில் இந்தக் குடும்பத்துப் பங்காளி, கிளைக்கால் ஈதர்கள். குடிக்கிற சாமான் இல்லை, ஆனால் ஈரத்தை இழுக்கிற குணம் ஒன்றுதான். பாக்கெட்டில் இருப்பதும் குடலுக்குள் தண்ணீரை விடாமல் பிடித்து வைத்துக்கொள்ளும். வேலை அவ்வளவுதான்.

ஷிப்ட் முடிஞ்சது:

எண்டோஸ்கோபி ரூமில் ஒன்பது வருடமாக நர்ஸ். குடுவை சார் வேதியியல் சொல்லிவிட்டார், நான் பாத்ரூம் பக்கம் சொல்கிறேன்.

அந்தப் பாக்கெட்டில் உப்பெல்லாம் ஏன் என்று யாரும் கேட்கவில்லை, அதுதான் இதில் முக்கியம். முன்னால் எல்லாம் வெறும் உப்புத் தண்ணீரை லிட்டர் லிட்டராகக் குடிக்க வைப்பார்கள். அதில் ஒரு பகுதியை உடம்பு உறிஞ்சிக்கொள்ளும், கால் வீங்கும், இதய நோயாளிக்கு மூச்சு வாங்கும். 1980-ல் டல்லாஸில் போர்ட்ரான் என்ற டாக்டரின் குழு பெக்கோடு சோடியம் சல்பேட்டையும் மற்ற உப்புகளையும் அளவு பார்த்துச் சேர்த்தது. சல்பேட்டைக் குடல் அவ்வளவாக உறிஞ்சாது, அது கூட இருந்தால் சோடியமும் உள்ளே போகாமல் நிற்கும். ஆக நாலு லிட்டர் குடித்தாலும் உடம்பிலிருந்து உப்போ தண்ணீரோ போவதும் இல்லை, சேர்வதும் இல்லை, குழாயைக் கழுவிவிட்ட மாதிரி ஓடிவிடும். லிட்டருக்கு 59 கிராம் பெக் என்பது இந்த வகைக் கரைசலுக்கு வழக்கமான கணக்கு. உங்கள் பாக்கெட்டில் 118 கிராம், 2 லிட்டர். வகுத்துப் பாருங்கள், அதேதான்.

அதனால் தயவுசெய்து தண்ணீரைக் குறைக்காதீர்கள். எங்களிடம் வந்த ஒரு பெரியவர் "எதுக்கு ரெண்டு லிட்டரு" என்று முழுப் பாக்கெட்டையும் ஒரு சொம்பில் கலக்கிக் கஞ்சி மாதிரிக் குடித்துவிட்டு வந்தார். ராத்திரி முழுக்க வாந்தி, குடலும் சுத்தம் ஆகவில்லை, டெஸ்ட்டைத் தள்ளிப் போட்டோம்.

11 மணி டெஸ்ட் என்றால் வழக்கமாகப் பாதியை முந்தின நாள் சாயங்காலமும் மீதியை விடிகாலையும் குடிக்கச் சொல்வார்கள். உங்களுக்கு எழுதிக் கொடுத்த சீட்டில் என்ன நேரம் இருக்கிறதோ அதையே பின்பற்றுங்கள், நான் சொன்னேன் என்று மாற்ற வேண்டாம். கால் மணி நேரத்துக்கு ஒரு பெரிய டம்ளர். காலையிலேயே கரைத்து பிரிட்ஜில் வைத்துவிடுங்கள், சில்லென்று இருந்தால் அந்தக் கொழகொழ உப்புச் சுவை பாதி தெரியாது. நடுவில் வாய் கொப்பளிக்கலாம். வடிகட்டின எலுமிச்சை ஜூஸ், இளநீர், கடுங்காபி பரவாயில்லை, பால் கூடாது. சிவப்பு, ஊதாக் கலரில் எதையும் கொடுக்காதீர்கள், உள்ளே பார்க்கும்போது ரத்தம் மாதிரித் தெரியும்.

கரைசலிலேயே சர்க்கரை, குளுக்கோஸ் போட்டுக் கலக்காதீர்கள், கணக்கே மாறிவிடும். குடல் பாக்டீரியாவுக்குச் சர்க்கரை வகை கிடைத்தால் வாயு உண்டாகும். ஒரு காலத்தில் மானிட்டால் என்ற சர்க்கரை வகையைக் கொடுத்துச் சுத்தம் செய்துவிட்டு உள்ளே மின்சாரத்தால் கட்டியைக் கரிக்கும்போது ஹைட்ரஜன் வெடித்தே ஆள் போன சம்பவம் பதிவாகி இருக்கிறது. பெக்கை பாக்டீரியா தொடுவதில்லை, அதனால் வாயு கிடையாது.

எப்போது போதும் என்று தெரிய, வெளியே வருவது எலுமிச்சை ஜூஸை வடிகட்டின மாதிரி லேசான மஞ்சளாக, துகள் இல்லாமல் இருக்க வேண்டும். சுகர் மாத்திரை, ரத்தம் உறையாமல் இருக்கும் மாத்திரை, கிட்னி அல்லது இதயப் பிரச்சினை ஏதாவது இருந்தால் இன்றே டாக்டருக்கு போன் போடுங்கள். குடிக்கக் குடிக்க வயிறு உப்பிக் கல்லு மாதிரி ஆகி எதுவும் போகவில்லை என்றால் நிறுத்திவிட்டு உடனே கூப்பிட வேண்டும், அடைப்பு இருக்கலாம்.

மண்பானை:

எதுக்குங்க இந்தக் கெமிக்கல் எல்லாம்? எங்க பாட்டி காலத்துல விளக்கெண்ணெய் ரெண்டு ஸ்பூன், வயிறு கிளீன். தொழிற்சாலையில வெடிக்கிற வாயுவுல செஞ்சதை வயசானவருக்குக் கொடுத்துட்டு "அப்படியே வெளிய வந்துடும்"னு எழுதுறீங்க.

ஷிப்ட் முடிஞ்சது:

விளக்கெண்ணெய் குடலை எரிச்சல்படுத்தி ஓட வைக்கும், வயிற்றை முறுக்கும், பேதி ஆகும். பேதி ஆவதும் கேமராவுக்குச் சுத்தம் ஆவதும் ஒன்று இல்லை சார். 5 மில்லிமீட்டர் கட்டி மேல் ஒரு துளி மலம் ஒட்டி இருந்தால் டாக்டர் கண்ணுக்குத் தப்பிவிடும், அதைப் பத்து வருடம் கழித்துப் பெரிதாகப் பார்ப்போம்.

குடுவை:

மண்பானை சார், வெடிக்கிற வாயு என்று நானேதான் எழுதினேன், மறைக்கவில்லை. சோடியமும் குளோரினும் தனித்தனியாக ஆளைக் கொல்லும், சேர்ந்தால் ஊறுகாயில் போடுகிறோம். இன்னொன்று, உங்கள் விளக்கெண்ணெயும் எங்கள் பிளான்டுக்கு வரும். அதில் ஹைட்ரஜன் ஏற்றி 40 துண்டு பெக் சங்கிலி ஒட்டினால் பெக்-40 ஆமணக்கு எண்ணெய் என்று ஒரு சரக்கு, வாசனை எண்ணெயைத் தண்ணீரில் கரைக்க மவுத்வாஷில் போடுவார்கள். பாட்டியும் பிளான்டும் ரொம்பத் தூரம் இல்லை.

வடலி:

நான் சுவீடனில் இருக்கிறேன், ஊர் யாழ்ப்பாணம். இந்தத் திரியில் பெக் என்று கண்டவுடன் எழுதாமல் இருக்க முடியவில்லை. ஸ்டாக்ஹோமில் வாசா என்று ஒரு மரக்கப்பல் மியூசியத்தில் நிற்கிறது, ஊரிலிருந்து ஆர் வந்தாலும் நான் அங்கேதான் கூட்டிக்கொண்டு போவேன். 1628 ஆகஸ்ட் 10 அன்று முதல் பயணத்திலேயே, 1,300 மீட்டர் மட்டும் ஓடி, துறைமுகத்துக்குள்ளேயே கவிழ்ந்து தாண்டது. 333 வருடம் கடலுக்கு அடியில் கிடந்தது. பால்டிக் கடலில் உப்புக் குறைவு, மரத்தைத் துளைக்கிற கப்பல் புழு அங்கே வாழாது, அதனால் முழுசாகவே இருந்தது. 1961 ஏப்ரல் 24 தூக்கினார்கள்.

தூக்கியதுதான் பிரச்சினை. ஓக் மரத்தின் ஒவ்வொரு செல்லிலும் தண்ணீர் நிரம்பி, அந்தத் தண்ணீர்தான் மரத்தின் வடிவத்தைத் தாங்கிக்கொண்டு நிற்கிறது. காயவிட்டால் செல் சுவர் எல்லாம் நொறுங்கிச் சுருங்கி, கப்பல் விறகாகப் போயிருக்கும். அதற்கு என்ன செய்தார்கள் தெரியுமோ, 1962 தொடக்கம் 1979 வரை, 17 வருடம், பெக் கரைசலை மழை மாதிரிக் கப்பல் மேல் தெளித்துக்கொண்டே இருந்தார்கள். தண்ணீர் வெளியேற அந்த இடத்தில் பெக் போய் உட்காரும், உட்கார்ந்தது ஆவியாகாது, மரம் பிறகு சுருங்க இடமில்லை. 1500, 600, 4000 என்று ரகம் ரகமாகப் பாவித்திருக்கிறார்கள், சின்னச் சங்கிலி மரத்துக்குள் ஆழப் போகும், பெரியது மேலே நின்று பூச்சு மாதிரிக் காக்கும். இங்கிலாந்தின் மேரி ரோஸ் கப்பலுக்கும் இதே வைத்தியம், 1994 தொடக்கம் 2013 வரை.

உங்கள் ஐயாவின் வயிற்றில் தண்ணீரைப் பிடித்து வைக்கிற அதே சாமான் அங்கே தண்ணீரின் கதிரையில் (நாற்காலியில்) தானே போய் இருந்துவிட்டது. மியூசியத்தில் கிட்டப் போய்ப் பார்த்தால் மரம் கறுத்து, மெழுகு பூசினது போல் ஒரு மினுக்கம் தெரியும்.

கவுன்டர் அக்கா:

மருந்துக் கடை வைத்திருக்கிறேன். டூத்பேஸ்ட் கேள்விக்குப் பதில் யாரும் சொல்லவில்லையே தம்பி. மருந்துப் பெட்டியில் இருக்கும் எண் மூலக்கூறு எடை. சோப்பு, கிரீம், பேஸ்ட் மேல் இருக்கும் எண் சங்கிலியில் எத்தனை துண்டு என்பது. பேஸ்ட்டில் பெக்-8, கண் சொட்டில் பெக் 400, இரண்டும் ஒரே சரக்குதான். எட்டைப் பார்த்து லேசானது என்றும் நானூறைப் பார்த்து வீரியம் அதிகம் என்றும் சண்டை போட்டுவிட்டுப் போன கஸ்டமர் உண்டு. டாக்டர்கள் சிலர் மேக்ரோகால் என்று எழுதுவார்கள், அதுவும் இதுவே.

பேஸ்ட்டில் அது காயாமல் ஈரமாக வைக்க. கண் சொட்டில், கம்ப்யூட்டரைப் பார்த்துப் பார்த்துக் காய்ந்த கண்ணில் ஈரத்தை நிறுத்தி வைக்க. காயத்துக்குப் போடும் அந்தப் பிரவுன் அயோடின் களிம்பை எடுத்துப் பாருங்கள், வெறும் தண்ணீர் பட்டாலே கழுவிக்கொண்டு போகும். வாஸ்லின் மாதிரிப் பிசுபிசுக்காது, காரணம் அதன் அடித்தளமே பெக். பின்வாசலில் வைக்கிற மாத்திரைகளில் சிலதும் இதில் செய்ததுதான், உடம்புச் சூட்டில் உருகாவிட்டாலும் அங்கே இருக்கும் ஈரத்தில் கரைந்துவிடும். கீமோ எடுப்பவர்களுக்கு வெள்ளையணு ஏற ஊசி போடுவார்கள், சாதா ஊசி என்றால் தினமும், பெக் ஒட்டினது என்றால் ஒரு சுற்றுக்கு ஒன்று. சங்கிலி தண்ணீரைச் சுற்றிக்கொண்டு பெருத்து நிற்பதால் சிறுநீரகம் அதைச் சீக்கிரம் வடிகட்டி வெளியேற்ற முடியாது.

இரண்டு எச்சரிக்கை. ரொம்ப அபூர்வமாகச் சிலருக்கு பெக் ஒவ்வாது, உடம்பு தடித்து மூச்சுத் திணறும் அளவுக்குப் போகும். முன்னால் ஏதாவது ஊசிக்கோ மருந்துக்கோ அப்பாவுக்கு அப்படி ஆகியிருந்தால் சொல்லிவிடுங்கள். இன்னொன்று உங்களுக்கு இல்லை, படிக்கிற மற்றவர்களுக்கு. பக்கவாதம் வந்து விழுங்கச் சிரமப்படுகிறவர்களுக்குத் தண்ணீரைக் கெட்டியாக்க மாவுச்சத்துப் பவுடர் போட்டுக் கொடுப்பார்கள். அதில் மலச்சிக்கலுக்கான பெக் பவுடரைக் கலந்தால் கெட்டித்தன்மை போய் மறுபடி தண்ணியாகிவிடும், புரையேறி நுரையீரலுக்குள் போகும் ஆபத்து. 2021-ல் பிரிட்டன் மருந்துத் துறை இதைப் பற்றி எச்சரித்தது. ஒரே அலமாரியில் இரண்டு டப்பாவும் இருக்கிற வீடுகள் எனக்கே தெரியும்.

நாற்றங்கால்:

விவசாயக் கல்லூரியில் ஆராய்ச்சி மாணவன். எங்கள் லேபில் இதற்கு நேர் எதிர் வேலை. நெல் விதைக்கு வறட்சியைக் காட்ட வேண்டும் என்றால் வயலைக் காயப்போட வேண்டியதில்லை, பெட்ரி தட்டில் வடிதாள் விரித்து, பெக் 6000 கரைசலை ஊற்றி 25 விதை அடுக்குவோம். கண்ணுக்கு முன்னால் தட்டில் தண்ணீர் தளும்பும், ஆனால் விதையால் குடிக்க முடியாது, பெக் விடாது. சங்கிலி பெரிதாக இருப்பதால் விதைக்குள் நுழைந்து விஷமாகவும் ஆகாது, உப்பில் அந்தத் தொல்லை உண்டு. கிலோ தண்ணீருக்கு 200 கிராம் போட்டால் 25 டிகிரியில் மைனஸ் 5 பார் (பார் என்பது அழுத்தத்தின் அலகு) பக்கம் இழுக்கும். அந்த இழுப்பில் சில ரகங்கள் வேர் விட்டுவிட்டுக் குருத்தை நிறுத்தி வைத்துக்கொள்ளும், சில ரகங்கள் அப்படியே உட்கார்ந்திருக்கும். 6000-ஐக் கரைப்பதுதான் கொடுமை, அவசரப்பட்டு மொத்தமாகக் கொட்டினால் பீக்கர் அடியில் மெழுகுக் கட்டியாக ஒட்டிக்கொண்டு மதியம் வரை கலக்க வைக்கும். பாக்கெட்டைக் கரைக்கும்போது கொஞ்சம் கொஞ்சமாகத் தூவுங்கள் அண்ணா.

வைகைக்கரை:

நாலு நாளாக வர முடியவில்லை, மன்னிக்கவும். எல்லாப் பதிலையும் அப்பாவிடம் சத்தமாகப் படித்தேன். எத்திலீன் ஆக்சைடு வெடிக்கும் என்ற இடத்தில் "பாத்தியா" என்றார், படிப்பதை நிறுத்திவிடலாமா என்று ஆகிவிட்டது. பிரேக் ஆயில் வந்ததும் நிமிர்ந்து உட்கார்ந்தார். மலைப்பாதை வண்டிகளுக்கு அவர் ஒன்றரை வருடத்திலேயே மாற்றிவிடுவாராம், இரண்டு வருடம் எல்லாம் காத்திருக்க மாட்டாராம், குடுவை சாரிடம் சொல்லச் சொன்னார். அசிட்டால் பல்சக்கரத்தை உள்ளே ரூமில் இருந்து ஒரு டப்பாவில் தேடி எடுத்தே வந்துவிட்டார், ஒரு டம்ளர் தண்ணீரில் போட்டு வைத்தார். இன்னும் கிடக்கிறது.

டாக்டருக்கு போன் செய்ததில் பிரஷர் மாத்திரை மட்டும் போடலாம், சுகர் மாத்திரை காலையில் வேண்டாம் என்றார். சாயங்காலம் ஏழு மணிக்கு முதல் டம்ளர். மூக்கைப் பிடித்துக்கொண்டு குடித்தார், மூன்றாவது டம்ளர் வரை ஒன்றும் ஆகவில்லை, "உன் சங்கிலி வேலை செய்யல" என்றார், அப்புறம் பேச நேரம் கிடைக்கவில்லை. விடிகாலை இரண்டாவது லிட்டர். எட்டு மணிக்கு நர்ஸ் அக்கா சொன்ன கலர் வந்தது. உள்ளே ஒரு சின்னக் கட்டி இருந்தது, அங்கேயே எடுத்து பயாப்சிக்கு அனுப்பியிருக்கிறார்கள், ரிப்போர்ட் வியாழக்கிழமை. குடல் நன்றாகச் சுத்தமாக இருந்தது என்று டாக்டர் சொன்னதை அப்பா மட்டும் நாலு பேரிடம் சொல்லிவிட்டார்.

வடலி அண்ணா, உங்களுக்கு ஒரு கேள்வி இருக்கிறது, அப்பா கேட்கச் சொன்னார். அவ்வளவு பெரிய கப்பல் என்றால் மரத்தைப் பிணைக்க இரும்பு போல்ட் இருந்திருக்குமே, ஈரத்தை இழுக்கிற சாமானை 17 வருடம் அதன் மேல் ஊற்றினால் போல்ட் என்ன கதி ஆச்சு?

வடலி:

ஐயா கேட்டது சரியான இடம். பழைய இரும்பு ஆணியெல்லாம் கடலுக்குள்ளேயே துருவாகப் போய்விட்டது, தூக்கின பிறகு அந்த ஓட்டைகளில் புது எஃகு போல்ட் 5,000-க்கு மேல் போட்டார்கள். ஐயா நினைத்ததுதான் நடந்தது, அதுவும் துருப்பிடித்தது. கடலடியில் மரம் உறிஞ்சின கந்தகமும் இந்த இரும்பும் சேர்ந்து மரத்துக்குள் அமிலம் உண்டாகி, 2000 ஆம் ஆண்டு கப்பல் மேல் வெள்ளையும் மஞ்சளுமாக உப்புப் பூத்தது. பிறகு 2011 தொடங்கி ஒவ்வொன்றாகக் கழற்றித் துருப்பிடிக்காத எஃகு போல்ட் மாற்றினார்கள். நான் போன ஒரு தடவை அந்தப் பழைய போல்ட் சிலதைக் கண்ணாடிப் பெட்டியில் வைத்திருந்தார்கள், நடுப்பகுதி அரித்து இடுப்பு மெலிந்து போய் இருந்தது. அடுத்த முறை போனால் படம் எடுத்துப் போடுகிறேன், ஐயாவுக்குக் காட்டுங்கோ. வியாழக்கிழமை ரிப்போர்ட் வந்ததும் எழுதுங்கோ.